மிஸ்டர் ஃப்யூஷன் இருக்கும்போது டெலோரியனுக்குப் பெட்ரோல் எதற்கு?

இரவுக்காட்சி:

பேக் டு தி ஃப்யூச்சர் மூன்றாம் பாகத்தைப் பற்றி ரொம்ப நாளாக ஒரு சந்தேகம். முதல் பாகத்தில் டெலோரியன் காரில் செய்த டைம் மெஷினுக்கு 1.21 கிகாவாட் வேண்டும், அதற்காகப் புளூட்டோனியம் போடுகிறார்கள். 1955-ல் புளூட்டோனியத்துக்கு வழியில்லாமல் மணிக்கூண்டில் விழப்போகும் மின்னலைப் பிடிக்கிறார்கள். அதுவரை சரி. அந்தப் படத்தின் கடைசியிலேயே அதைச் செய்த விஞ்ஞானி டாக் பிரவுன் எதிர்காலத்துக்குப் போய்த் திரும்பும்போது வண்டியின் பின்னால் மிஸ்டர் ஃப்யூஷன் என்று ஒரு குட்டி உலையை மாட்டிக்கொண்டு வந்துவிடுகிறார். வாழைப்பழத் தோல், டப்பாவில் மிச்சமிருந்த பீர் எல்லாவற்றையும் அதில் கொட்டினால் போதும், 1.21 கிகாவாட் தயார்.

அப்படிப்பட்ட உலை வண்டியிலேயே இருக்கும்போது, 1885-ல் பெட்ரோல் ஒழுகிப் போனதும் ஏன் கதை முடிந்துவிட்ட மாதிரி தவிக்கிறார்கள்? குதிரை கட்டி இழுக்கிறார்கள், சாராயத்தை ஊற்றிப் பார்க்கிறார்கள், கடைசியில் ஒரு ரயில் எஞ்சினையே கடத்துகிறார்கள். உலையிலிருந்து ஒரு ஒயரை இழுத்து ஒரு மோட்டாரைச் சுற்ற முடியாதா?

இன்னொன்றும் இருக்கிறது. அதே 1885-ல் டாக் சுரங்கத்துக்குள் ஒளித்து வைத்த டெலோரியன் ஒன்று இருக்கிறதே, அதன் டேங்கிலிருந்து பெட்ரோலை எடுத்திருக்கலாமே?

1.21 கிகாவாட் என்பது நிஜத்தில் எவ்வளவு பெரியது, அந்த ஒய் வடிவ ஃப்ளக்ஸ் கெபாசிட்டர் என்ன வேலை செய்வதாக எடுத்துக்கொள்வது என்பதையும் தெரிந்தவர்கள் சொன்னால் நன்றாக இருக்கும். படத்தைக் கிண்டல் செய்ய வேண்டாம், எனக்கு ரொம்பப் பிடித்த படம்.

பழைய_வண்டி:

உங்கள் முதல் கேள்விக்குப் படத்திலேயே பதில் இருக்கிறது, ஒரே வசனத்தில் கடந்துவிடுவதால் பலருக்குத் தங்குவதில்லை. அந்த வண்டியில் இரண்டு தனித்தனி ஏற்பாடுகள். காலத்தைத் தாண்டுவதற்கான கரன்ட்டை டைம் சர்க்யூட்டுக்கும் ஃப்ளக்ஸ் கெபாசிட்டருக்கும் மட்டும் மிஸ்டர் ஃப்யூஷன் கொடுக்கிறது. சக்கரத்தைச் சுற்றுவது டெலோரியன் கம்பெனியில் வந்த அதே பெட்ரோல் எஞ்சின். அதை டாக் மாற்றவே இல்லை.

அந்த எஞ்சினைக் கொஞ்சம் பார்த்துவிடலாம், ஏனென்றால் மொத்தச் சிக்கலும் அதில்தான். டெலோரியன் டிஎம்சி-12 வண்டியை வட அயர்லாந்தில் பெல்ஃபாஸ்ட் பக்கத்தில் டன்மரி என்ற இடத்தில் 1981, 1982-ல் சுமார் 9,000 செய்தார்கள். ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் உடம்பு, பறவை இறக்கை மாதிரி மேலே தூக்கித் திறக்கும் கதவு, பார்த்தால் விண்கலம். ஆனால் பின்பக்கம் இருப்பது பெஜோ, ரெனோ, வோல்வோ மூன்று கம்பெனியும் சேர்ந்து செய்த 2.85 லிட்டர் வி6 எஞ்சின், அமெரிக்காவுக்குப் போன வண்டியில் 130 குதிரைத்திறன்தான். 60 மைல் வேகம் தொடவே பத்து விநாடி பக்கம் ஆகும். ஸ்பீடோமீட்டர் இன்னும் சுவாரசியம். அந்தக் காலத்து அமெரிக்க விதிப்படி மீட்டரில் 85 மைலுக்கு மேல் எண் போட முடியாது, டெலோரியனிலும் 85-ஓடு முடிந்துவிடும். படத்தில் காலத்தைத் தாண்ட வண்டிக்கு வேண்டிய வேகமோ 88 மைல், அதாவது மணிக்குச் சுமார் 142 கிலோமீட்டர். அதனால் படத்துக்காக மீட்டரையே மாற்ற வேண்டியதாயிற்று.

இப்போது உங்கள் மோட்டார் யோசனைக்கு வருகிறேன். வண்டியின் எடை 1,230 கிலோ என்று வையுங்கள். 88 மைல் வேகத்தில் அதன் இயக்க ஆற்றல் ஏறத்தாழ 9.5 லட்சம் ஜூல். காற்று, உராய்வு எல்லாவற்றையும் விட்டுவிட்டுப் பத்தே விநாடியில் அந்த வேகம் வேண்டுமானால் 95 கிலோவாட் மோட்டார் தேவை. அதை 1885-ல் கொல்லன் பட்டறையில் செய்ய வேண்டும், தாமிரக் கம்பி சுற்ற வேண்டும், கியர் கடைய வேண்டும். டெஸ்லா தன் இண்டக்‌ஷன் மோட்டாருக்குக் காப்புரிமை வாங்கியதே 1888-ல்தான். அதற்கு மேல் நாட்கணக்கும் இடிக்கிறது. டாக்கைத் தேடி அவருடைய இளம் நண்பன் மார்ட்டி 1885-ல் போய் இறங்குவது செப்டம்பர் 2, கல்லறையில் டாக் இறந்ததாகப் பொறித்திருக்கும் தேதி செப்டம்பர் 7. இடையில் ஐந்தே நாள்.

இந்தப் படத்தை நான் தூக்கி வைத்துப் பேசுவதற்குக் காரணமே இதுதான். கதைக்காரர்கள் நினைத்திருந்தால் உலையை எல்லாவற்றுக்கும் மருந்தாக்கியிருக்கலாம். ஆனால் 'வேகம் தனியாகத்தான் வர வேண்டும்' என்று முதல் படத்தில் போட்ட விதியை மூன்றாவது படம் வரைக்கும் விட்டுக்கொடுக்கவில்லை.

மின்னோட்டம்:

கிகாவாட் கேள்விக்கு நான் சொல்கிறேன், மின்துறையில் வேலை. வாட் என்பது திறன், அதாவது ஒரு நொடிக்கு எவ்வளவு ஆற்றல் போகிறது என்ற வீதம். எவ்வளவு நேரத்துக்கு என்று சொல்லாமல் 1.21 கிகாவாட் என்று மட்டும் சொன்னால் பாதிக் கணக்குதான் ஆச்சு. கூடங்குளத்தில் ஒரு அணு உலை முழு வீச்சில் 1,000 மெகாவாட், அதாவது 1 கிகாவாட் கொடுக்கிறது. ஆக டெலோரியன் கேட்பது கூடங்குளத்தின் ஒரு உலையும் இன்னும் ஐந்தில் ஒரு பங்கும். கேட்கப் பயமாக இருக்கிறது இல்லையா? இப்போது அதையே ஒரு நொடிக்கு மட்டும் எடுத்தால் எவ்வளவு என்று பாருங்கள்: 121 கோடி ஜூல், நம் ஈ.பி. மீட்டரில் 336 யூனிட். ஏசி போடும் ஒரு வீட்டுக்கு இரண்டு மாதத்துக்கு வரும் கணக்குதான். கஷ்டமெல்லாம் அந்த 336 யூனிட்டையும் ஒரே நொடியில் தள்ளுவதில்தான் இருக்கிறது.

ஆகவே அந்தப் பெட்டிக்கு கெபாசிட்டர் என்று பெயர் வைத்தது எனக்குச் சரியாகவே படுகிறது. கெபாசிட்டரின் வேலையே மெதுவாகச் சேர்த்துச் சட்டென்று கொட்டுவதுதான், கேமரா ஃப்ளாஷில் நடப்பதும் அதுதான். இது கற்பனை இல்லை என்பதற்குக் கலிஃபோர்னியாவிலேயே, லாரன்ஸ் லிவர்மோர் ஆய்வகத்தில் இருக்கும் நேஷனல் இக்னிஷன் ஃபெசிலிட்டியைப் பாருங்கள். அங்கே கெபாசிட்டர் வரிசைகளில் சுமார் 40 கோடி ஜூல் சேர்த்து வைத்து லேசருக்குக் கொட்டுகிறார்கள். 2012-ல் அந்த லேசரின் உச்சத் திறன் 500 டெராவாட்டைத் தொட்டது. டாக் பிரவுன் கேட்டதைப் போல நான்கு லட்சம் மடங்கு. ஆனால் அது நீடிப்பது ஒரு நொடியின் நூறு கோடியில் சில பங்குதான், அதனால்தான் ஊருக்குக் கரன்ட் போகாமல் இதைச் செய்ய முடிகிறது. 2022 டிசம்பரில் அதே இடத்தில் 2.05 மெகாஜூல் லேசர் ஆற்றலை உள்ளே விட்டு 3.15 மெகாஜூல் அணு இணைவு (ஃப்யூஷன்) ஆற்றலை வெளியே எடுத்தார்கள். அதாவது நிஜ மிஸ்டர் ஃப்யூஷன் இன்றைக்கு ஒரு பெரிய கட்டடம் முழுக்க இருக்கிறது, பீர் டப்பா அளவுக்குச் சுருங்க இன்னும் ரொம்ப தூரம்.

புளூட்டோனியத்துக்கும் ஒரு வார்த்தை. வாயேஜர் விண்கலங்களில் வைத்தது புளூட்டோனியம்-238, அது தானாகச் சூடாகிக்கொண்டே இருக்கும், ஆனால் ஒரு கிராமுக்கு அரை வாட்டுக்குக் கொஞ்சம் மேல்தான். அந்த வழியில் 1.21 கிகாவாட் வெப்பம் வேண்டுமானால் 2,000 டன்னுக்கு மேல் ஏற்ற வேண்டும். டெலோரியனில் முடியாது. மாறாக புளூட்டோனியம்-239-ஐப் பிளந்தால் 121 கோடி ஜூலுக்கு 15 மில்லிகிராம் கூடப் போதும். ஆனால் தொடர்வினை நடக்கவே கிலோ கணக்கில் பொருள் சேர்ந்தாக வேண்டும், ஒரு சின்னக் குச்சியைப் போட்டதும் உலை ஓடாது. அந்த இடத்தில் மட்டும் படம் கண்ணை மூடிக்கொண்டு தாண்டுகிறது.

இரவுக்காட்சி:

இரண்டு பேருக்கும் நன்றி. 336 யூனிட் என்று நான் கனவிலும் நினைக்கவில்லை. அப்படியானால் மின்னல்? ஒரு மின்னலில் அவ்வளவு இருக்குமா, அது ஒயர் வழியாக வண்டிக்கு வந்து சேருமா?

மின்னோட்டம்:

மொத்த ஆற்றலில் கொஞ்சம் குறையும், ஆனால் திறன் தேவைக்கு மேலேயே இருக்கும். ஒரு மின்னலின் மொத்த ஆற்றல் ஏறத்தாழ 100 கோடி ஜூல் என்று கணக்கிடுவார்கள். அதில் பெரும்பகுதி காற்றைச் சூடாக்குவதிலும் இடிச் சத்தத்திலும் போய்விடும், தரைக்கு வருவது கொஞ்சம். ஆனால் அந்த முக்கியமான வெட்டு ஒரு நொடியின் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் குறைவான நேரத்தில் முடிந்துவிடுவதால், திறன் என்று பார்த்தால் 1.21 கிகாவாட்டைத் தாராளமாகத் தாண்டும். சுமார் 30,000 ஆம்பியர் பாய்கிறது. படத்தில் மின்னலுக்குச் சொன்ன அளவு குறைவு என்றே சொல்லலாம்.

என்னை உறுத்துவது நேரம்தான். 1955 நவம்பர் 12, இரவு 10:04 என்பது மட்டும்தான் அவர்களுக்குத் தெரியும். எந்த நொடி? மணிக்கூண்டு கடிகாரம் நிமிடத்தைத்தான் காட்டும். வண்டி 88 மைலில் ஒரு நொடிக்கு 39 மீட்டர் போகிறது, ஒரு நிமிடத்தில் இரண்டேகால் கிலோமீட்டருக்கு மேல். வண்டியின் கொக்கி கம்பியைத் தொடுவது கண் சிமிட்டுவதற்கும் குறைந்த நேரம். அறுபது நொடிக்குள் எங்கேயோ விழும் மின்னலும் அந்தத் தொடுதலும் ஒன்றாகச் சேர வேண்டும். அலாரக் கடிகாரத்தை வைத்து டாக் கணக்குப் போட்டுக் கொடுப்பதை நான் முழு மனதோடு ரசிக்கிறேன், ஆனால் அதை என்னால் நம்ப முடிந்ததில்லை. ஃப்ளக்ஸ் கெபாசிட்டர் மின்னலை ஒரு நொடியாவது பிடித்து வைத்துக்கொண்டு, வேகம் 88 தொட்டதும் கொட்டியது என்று காட்டியிருந்தால் இந்த ஓட்டையும் அடைபட்டிருக்கும், பெயருக்கும் பொருந்தியிருக்கும்.

நீராவி:

தம்பி, ரயில் விஷயத்தை யாரும் தொடவில்லை, அதனால் எழுதுகிறேன். ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் இருந்து ஓய்வு பெற்றவன். படத்தில் ஓடும் எஞ்சின் நிஜமானது, கலிஃபோர்னியாவின் சியரா ரயில்வேயின் 3-ஆம் எண் எஞ்சின், 1891-ல் செய்தது, இன்றும் ஜேம்ஸ்டவுன் ஊரில் பாதுகாத்து வைத்திருக்கிறார்கள். அந்த வகை எஞ்சினால் 88 மைல் என்பது நடக்கிற காரியமா? சென்னையிலிருந்து ஜோலார்பேட்டை பாதையில் வந்தே பாரத்துக்குக் கொடுத்திருக்கும் வேகமே 130 கிலோமீட்டர். இவர்கள் 142 கேட்கிறார்கள், அதுவும் விறகு எஞ்சினில், முன்னால் ஒரு காரைத் தள்ளிக்கொண்டு.

படத்தில் டாக் ஸ்பெஷலாகச் செய்த கட்டைகளை நெருப்பில் போட்டு வேகத்தைக் கூட்டுகிறார். நெருப்பு மட்டும் கூடினால் வேகம் கூடிவிடாது. ஒரு நிலைக்கு மேல் சிலிண்டருக்குள் போன நீராவி வெளியேறவே நேரம் போதாமல் பிஸ்டனை எதிர்த்துத் தள்ளும். சக்கரத்தின் எடைச் சமன்பாடு சரியாக இல்லாவிட்டால் ஒவ்வொரு சுற்றுக்கும் தண்டவாளத்தைச் சம்மட்டியால் அடிப்பது போல அடிக்கும். அழுத்தம் எல்லை மீறினால் சேஃப்டி வால்வு திறந்து நீராவியைக் கொட்டிவிடும், அதை அடைத்தால்தான் மேலே ஏற்ற முடியும். அடைத்தால் பாய்லர் வெடிக்கும். படத்தில் பாய்லர் வெடிக்கப் போகிறது என்று அவர்கள் பதறுவது அந்த வகையில் ரொம்ப நியாயம். 1893-ல் நியூயார்க் சென்ட்ரல் 999-ஆம் எஞ்சின் 112 மைல் தொட்டதாகச் சொன்னார்கள், அதையே இன்றுவரை பலர் ஒப்புக்கொள்ளவில்லை. அதுவும் வேகத்துக்காகவே பெரிய சக்கரம் போட்டுச் செய்த எஞ்சின்.

ஆனாலும் அந்தக் காட்சி எனக்குப் பிடிக்கும். எரிபொருள், அழுத்தம், தண்டவாளத்தின் நீளம், எதிரே கட்டி முடிக்காத பாலம், எல்லாம் கண் முன்னால் இருக்கிறது. டைம் மெஷின் படத்தில் பாய்லர் கேஜைப் பார்த்து நெஞ்சு அடித்துக்கொள்வது வேறு எங்கே கிடைக்கும்?

ஹில்வேலி1955:

சுரங்க டெலோரியன் பற்றி: அதை 70 வருடம் கழித்து 1955-ல் எடுக்கப்போகிறார்கள் என்று தெரிந்துதான் டாக் ஒளித்து வைக்கிறார். அவ்வளவு காலம் நிறுத்தப்போகும் வண்டியில் யாரும் பெட்ரோலை விட்டுவைக்க மாட்டார்கள், பெட்ரோல் கெட்டு ஒட்டும் பிசினாகி டேங்க், குழாய், இஞ்செக்டர் எல்லாவற்றையும் அடைத்துவிடும். ஆயிலையும் சேர்த்து வடித்திருப்பார். டேங்கில் மிச்சமிருந்தாலும் அந்த வண்டியைத் தொடுவது ஆபத்து, அதில் ஏதாவது உடைந்தால் மார்ட்டி 1885-க்கு வரவே முடியாது. 1955-ல் அதைக் கிளப்பும்போது புது டயரும், பானெட் மேல் வெற்றிடக் குழாய்கள் வைத்த பெரிய சர்க்யூட்டும் போட வேண்டி வந்ததே, ஞாபகம் இருக்கும்.

88 விதிக்கு ஒரே ஒரு விலக்கு இருக்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். இரண்டாம் பாகத்தின் கடைசியில் வண்டி வானத்தில் நின்றபடி இருக்கும்போது மின்னல் தாக்கி டாக் 1885-க்குப் போய்விடுகிறார். 88 மைல் எங்கே? வானத்தில் தீத்தடம் சுருண்டு தெரிவதைப் பார்த்து, மின்னல் வண்டியைச் சுழற்றியதில் அந்த வேகம் வந்துவிட்டது என்று ரசிகர்கள் விளக்கம் சொல்வார்கள். எனக்கு அது முழுத் திருப்தி இல்லை, ஆனால் தடத்தைச் சுருளாக வரைந்தவர்கள் அதை யோசித்துத்தான் வரைந்திருக்க வேண்டும்.

ஒரு விஷயத்தில் மட்டும் நான் படத்தோடு மோதுகிறேன். 1885-ல் பெட்ரோலே கிடையாது என்பது முழு உண்மை இல்லை. மண்ணெண்ணெய் காய்ச்சும்போது முதலில் பிரியும் லேசான திரவம் அப்போதே இருந்தது. கார்ல் பென்ஸ் தன் முதல் வண்டியை ஓட்டியது அந்த வகை நாஃப்தாவில்தான். 1888-ல் அவர் மனைவி பெர்தா பென்ஸ் நீண்ட பயணம் போனபோது வீஸ்லோக் ஊரில் மருந்துக்கடையில் அதை வாங்கி ஊற்றினார், கறை எடுக்க விற்பார்கள். கலிஃபோர்னியாவிலும் 1876 முதலே நியூஹால் ஊரில் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலை இருந்தது. வேதியியல் தெரிந்த டாக், ஐஸ் செய்ய ஒரு அறை அளவு மெஷினையே கட்டியவர், சாராயத்துக்குப் போகும் முன் மருந்துக்கடையில் ஏன் விசாரிக்கவில்லை?

பழைய_வண்டி:

அருமையான கேள்வி, இதை நான் யோசித்ததே இல்லை. ஆனால் கிடைத்தாலும் எஞ்சின் ஏற்றுக்கொள்ளுமா என்று பார்க்க வேண்டும். அந்தக் காலத்து நாஃப்தாவின் ஆக்டேன், அதாவது அழுத்தத்தில் தானாக வெடிக்காமல் தாங்கும் அளவு, ரொம்பக் குறைவு. பென்ஸின் எஞ்சினில் அழுத்தம் குறைவு என்பதால் அதற்குப் பிரச்சினை இல்லை. டெலோரியனின் வி6 கிட்டத்தட்ட ஒன்பதுக்கு ஒன்று என்று அழுத்துவது. முழு ஆக்சிலேட்டர் கொடுத்தால் ஸ்பார்க் பிளக் சொல்லும் முன்பே கலவை தானாக வெடித்து, எஞ்சின் கடகடவென்று தட்டும். அப்படியே 88 வரைக்கும் தள்ளினால் பிஸ்டன் ஓட்டையாகலாம்.

சாராயம் அதைவிட நல்ல யோசனைதான், ஆல்கஹாலுக்கு ஆக்டேன் அதிகம். ஆனால் பெட்ரோலுக்கு அமைத்த இஞ்செக்‌ஷன் ஆல்கஹாலுக்குப் போதுமான அளவு பீய்ச்சாது, கிட்டத்தட்ட ஒன்றரை மடங்கு வேண்டும், சாராயத்தில் தண்ணீர் வேறு கலந்திருக்கும். படத்தில் இஞ்செக்‌ஷன் மேனிஃபோல்டு வெடித்துப் போகிறது, அது நடந்தபிறகு நாஃப்தா கிடைத்தாலும் பயனில்லை. வரிசை மாறியிருக்க வேண்டும். முதலில் நியூஹாலுக்குத் தந்தி அடித்து, இக்னிஷன் டைமிங்கைப் பின்னால் தள்ளி, ஏதாவது ஒரு நீண்ட சரிவில் வண்டியை இறக்கிக்கொண்டே ஆக்சிலேட்டரை மெதுவாகக் கொடுத்திருந்தால் வாய்ப்பு இருந்தது என்று நினைக்கிறேன். ஐந்து நாளில் பீப்பாய் வந்து சேருமா என்பதுதான் பாக்கி. நீராவி ஐயா, அந்தக் காலத்து கூட்ஸ் வண்டி தெற்குக் கலிஃபோர்னியாவிலிருந்து வடக்கே வர எத்தனை நாள் எடுத்திருக்கும் என்று உங்களால் சொல்ல முடியுமா?